தாய் கட்டாரில், வழக்கு புதுக்கடையில்: பாதுகாவலர் மனுவில் அற்றோணிக்காரர் எதுவரை நிற்கலாம்?

ஜம்பட்டா வீதி எழுதியது:

பிள்ளைக்கு 9 வயது. தகப்பன் காலமாகி ஒன்றரை வருசம். தாய் கட்டாரில வேலை. பிள்ளை கொட்டாஞ்சேனையில அம்மம்மாவோடயும் சின்னம்மாவோடயும் இருக்குது. இப்ப தகப்பன்ட தம்பி, தன்னைப் பாதுகாவலரா நியமிக்கச் சொல்லி கொழும்பு புதுக்கடையில இருக்கிற மாவட்ட நீதிமன்றத்தில மனுப் போட்டிருக்கார். தகப்பன் வழியா பிள்ளைக்கு ஒரு வீட்டுப் பங்கும் வங்கியில கொஞ்சக் காசும் வர இருக்கு. தாயின்ட பேருக்கு கொட்டாஞ்சேனை முகவரிக்கு அறிவித்தல் வந்திட்டுது.

தாய் போக முதல் சின்னம்மாவுக்கு ஒரு பொது அற்றோணித் தத்துவம் (தனக்காக அலுவல் பார்க்க அதிகாரம் குடுக்கிற பத்திரம்) எழுதிக் கொடுத்தவ. காணி, வங்கி, வாடகை எல்லாம் அதில இருக்கு. வழக்கைப் பற்றி "சட்ட நடவடிக்கைகள் எடுக்கவும்" எண்டு ஒரு வரி மட்டும்தான்.

தாய்க்காகச் சின்னம்மா நீதிமன்றத்தில நிக்கலாமா? சத்தியக்கடதாசியில (சத்தியம் செய்து குடுக்கிற எழுத்து வாக்குமூலம்) அவவே கையெழுத்து வைக்கலாமா? இல்லாட்டி "என் பிள்ளைக்குப் பாதுகாவலர் என் தங்கை" எண்டு தாய் இன்னொரு அற்றோணி எழுதி அனுப்பினா வழக்கே முடிஞ்சிடுமா? ஆளுக்கொரு கதை சொல்லுறாங்க.

புதுக்கடை 12 எழுதியது:

கடைசிக் கேள்விக்கு முதல்ல பதில்: முடியாது. பெற்றோர் என்ற நிலையைக் கடதாசியில எழுதி இன்னொருத்தருக்கு மாத்தக் குடுக்க ஏலாது. அற்றோணி குடுத்தவருக்காக அலுவல் பார்க்கிறவர்தான் அற்றோணிக்காரர். அவர் அந்த ஆளாகவே ஆகிறதில்ல. பாதுகாவலரை நியமிக்கிறது நீதிமன்றம் மட்டும்தான். ஆனா முதல் கேள்விக்குப் பதில் "நிக்கலாம்".

"குடும்ப நீதிமன்றம்" எண்டு தனிக் கட்டிடம் தேடி அலைய வேணாம். 1978 ஆம் ஆண்டின் 2 ஆம் இலக்க நீதித்துறைச் சட்டம் குடும்ப நியாயாதிக்கத்தைத் தனியாகச் சொன்னாலும், நடைமுறையில அதைப் பிரயோகிக்கிறது மாவட்ட நீதிமன்றம்தான். அதனால குடியியல் நடவடிக்கைமுறைக் கோவைதான் இங்க வழிகாட்டி. அதில உங்களுக்கு வேண்டியது 24, 25, 27 ஆம் பிரிவுகள்.

வழக்கில ஒரு தரப்பா இருக்கிறவர் செய்ய வேண்டிய தோற்றம், விண்ணப்பம், செயல் ஆகியவற்றை அவர் நேரிலயோ, "அங்கீகரிக்கப்பட்ட முகவர்" மூலமோ, பதிவுசெய்த சட்டத்தரணி மூலமோ செய்யலாம் எண்டு 24 சொல்லுது. யார் அந்த முகவர் எண்டு 25 சொல்லுது. அற்றோணிக்காரரை அதுக்குள்ள கொண்டு வர நாலு நிபந்தனை இருக்கு. தத்துவம் பொதுத் தத்துவமா இருக்க வேணும். அதைக் குடுத்தவர் அந்த நீதிமன்றத்தின்ட நியாயாதிக்க எல்லைக்குள்ள வசிக்காதவரா இருக்க வேணும். நீதிமன்றத்தில தோற்றவும் விண்ணப்பம் செய்யவும் அந்தத் தத்துவமே அதிகாரம் குடுக்க வேணும். மூலமோ, சட்டத்தரணி அல்லது நொத்தாரிசு உறுதிப்படுத்தின பிரதியோ வழக்கேட்டில போட்டிருக்க வேணும்.

ரெண்டாவது நிபந்தனையிலதான் பலர் சறுக்குறாங்க. கொச்சிக்கடையில இருக்கிற ஒருத்தர் "எனக்கு நீதிமன்றம் ஏற ஏலாது, என்ட தம்பி நிப்பான்" எண்டு அற்றோணி எழுதினா இந்தப் பிரிவு உதவாது. உங்கட விசயத்தில தாய் கட்டாரில, அதனால சரி. ஆனா அவ ரெண்டு மாத லீவில வந்து கொட்டாஞ்சேனை வீட்டில நிக்கிற நேரம் வழக்குத் தவணை விழுந்தா, சின்னம்மாவை மட்டும் அனுப்பாதீங்க. எதிர்த்தரப்பு எழும்பி "அம்மா ஊரில, ஆனா நீதிமன்றத்துக்கு வரேல்ல" எண்டு சொல்லும். சட்டப் பிழையை விட, நீதிபதி மனதில விழுற கறை மோசம்.

மூணாவது நிபந்தனையில உங்கட தத்துவம் பலவீனம். "சட்ட நடவடிக்கைகள் எடுக்கவும்" என்ற ஒற்றை வரியை வச்சு, ஏற்கனவே போட்ட வழக்குக்கு எதிராளியா நிக்கலாமா, புரொக்சி (சட்டத்தரணியை நியமிக்கிற படிவம்) ஒப்பமிடலாமா எண்டு வாதாட ஏலும்தான். ஆனா அற்றோணித் தத்துவத்தை நீதிமன்றம் இறுக்கித்தான் வாசிக்கும். எழுதாத அதிகாரத்தை ஊகிச்சுக் குடுக்காது. புதுசா ஒண்டு எடுங்க.

இனி, முகவரா நிக்கிற சின்னம்மா என்ன செய்யலாம்? அறிவித்தலை ஏற்கலாம். தாயின் சார்பில சட்டத்தரணியை நியமிச்சுப் புரொக்சியில ஒப்பமிடலாம். சட்டத்தரணிக்கு விபரம் சொல்லலாம். ஆட்சேபனைக்குத் தவணை கேக்கலாம். ஆனா எழும்பி வாதாடுறதும் சாட்சியைக் குறுக்குக் கேள்வி கேக்கிறதும் சட்டத்தரணியின்ட வேலை. 24 இலயே ஒரு காப்புவாசகம் இருக்கு: நீதிமன்றம் பணிச்சா அந்தத் தரப்பு ஆள் நேரில வரத்தான் வேணும். காசு வழக்கில நீதிபதி இதை அபூர்வமாத்தான் எடுப்பார். பிள்ளை வழக்கு அப்படியில்ல. இலங்கையின்ட பொதுச் சட்டமான உரோமன்-டச்சுச் சட்டப்படி நீதிமன்றம்தான் பிள்ளைக்கு மேலான பாதுகாவலர். ரெண்டு தரப்பும் என்ன எழுதினாலும், "இந்தப் பிள்ளைக்கு எது நல்லது" எண்டு நீதிபதி தானே பார்ப்பார். தாயின்ட முகத்தைப் பார்க்காம அவர் முடிவெடுக்க விரும்பமாட்டார். அதனால விசாரணைத் தவணைக்கு விமான ரிக்கெட் செலவு வரும் எண்டு இப்பவே தாய்க்குச் சொல்லி வையுங்க.

ஒரு நல்ல செய்தியும் இருக்கு. தகப்பன் இறந்த பிறகு, திருமணத்தில பிறந்த பிள்ளைக்குத் தாய்தான் இயற்கைப் பாதுகாவலர். அவவை யாரும் நியமிக்கத் தேவையில்ல. சித்தப்பாதான் அந்த நிலையை ஏன் கலைக்க வேணும் எண்டு காட்ட வேணும். "தாய் வெளிநாட்டில வேலை செய்யுறா" என்ற ஒண்டு மட்டும் அதுக்குப் போதாது. ஆனா யாரும் பதில் சொல்லாம விட்டா, சுருக்க நடவடிக்கைமுறையில குடுத்த நிசிக் கட்டளை (ஆட்சேபனை வராட்டி உறுதியாகிற கட்டளை) அப்படியே முடிந்த கட்டளையா மாறும். பிறகு அதைத் தள்ளி வைக்க, அறிவித்தல் சரியாக் கிடைக்கேல்ல அல்லது தவிர்க்க ஏலாத தடை இருந்தது எண்டு நிரூபிச்சுக்கொண்டு நிக்க வேணும்.

கடதாசிமேசை எழுதியது:

மேலே சொன்னதோடு உடன்படுகிறேன். நான் தத்துவம் எழுதும் பக்கத்தை மட்டும் பார்க்கிறேன்.

முதலில் கையில் இருக்கும் தத்துவத்தைத் திருப்பிப் பாருங்கள். 1902 ஆம் ஆண்டின் 4 ஆம் இலக்க அற்றோணித் தத்துவங்கள் கட்டளைச் சட்டத்தின் கீழ் பதிவாளர் நாயகத்திடம் பதிவாகியிருக்கிறதா? 2022 திருத்தத்துக்குப் பிறகு அத்தாட்சிப்படுத்தலும் பதிவும் இறுக்கமாகிவிட்டன. பதிவு இலக்கம் இல்லாத தத்துவத்தை வைத்துக்கொண்டு புதுக்கடைப் படி ஏறாதீர்கள்.

புதியதை தாய் தோகாவில் உள்ள இலங்கைத் தூதரகத்தில், அதிகாரியின் முன்னிலையில் ஒப்பமிட வேண்டும். 1981 ஆம் ஆண்டின் 4 ஆம் இலக்கக் கொன்சியுலர் கருமங்கள் சட்டம் அந்த அதிகாரிக்கு ஆவணத்தை அத்தாட்சிப்படுத்தவும் சத்தியக்கடதாசி எடுக்கவும் அதிகாரம் கொடுக்கிறது. கம்பனி மனிதவளப் பிரிவின் முத்திரை, அங்குள்ள தட்டச்சுக் கடையின் முத்திரை ஆகியவற்றை நம்பி வருபவர்கள் இன்னமும் இருக்கிறார்கள். அவை இங்கே வெறும் மை.

தத்துவம் "பொது" என்ற தலைப்பிலேயே இருக்கட்டும். 25 ஆம் பிரிவு கேட்பது அதைத்தான். உள்ளே இந்த வழக்குக்கான அதிகாரங்களைப் பெயர் சொல்லி எழுதுங்கள். ஏறக்குறைய இப்படி (கட்டுக்காப்பு என்றால் பிள்ளையைத் தன்னோடு வைத்துப் பராமரிக்கும் உரிமை):

"இலங்கையின் எந்தவொரு மாவட்ட நீதிமன்றத்திலும், குடும்ப நியாயாதிக்கத்தைப் பிரயோகிக்கும் எந்தவொரு நீதிமன்றத்திலும், அவற்றிலிருந்து எழும் மேன்முறையீடுகளிலும் என் சார்பில் தோற்றவும், விண்ணப்பங்களைச் செய்யவும், செயல்களைப் புரியவும், என் மகனின் பாதுகாவல், கட்டுக்காப்பு, சொத்துக் காப்பு தொடர்பான வழக்குகளை எனக்காகத் தொடரவும் எதிர்த்து நிற்கவும், அறிவித்தல்களையும் அழைப்பாணைகளையும் ஏற்கவும், பதிவுசெய்த சட்டத்தரணியை நியமித்துப் புரொக்சியில் ஒப்பமிடவும், தேவையேற்படின் அந்நியமனத்தை நீதிமன்ற அனுமதியுடன் இரத்துச்செய்யவும், எனது முன்கூட்டிய எழுத்துமூலச் சம்மதத்துடன் மாத்திரம் இணக்கம் செய்யவும் அதிகாரமளிக்கின்றேன்."

கடைசிப் பகுதியை விடாதீர்கள். "இணக்கம் செய்யவும்" என்று கட்டுப்பாடில்லாமல் எழுதினால், நீதிமன்ற வாசலில் யாரோ அவசரப்படுத்தி, சின்னம்மா ஒப்பமிட்டு வந்துவிடுவார். முற்றாக விட்டுவிட்டால், நல்ல இணக்கம் வந்தாலும் ஒரு தவணை வீணாகும்.

பெயர் எழுத்துக்கூட்டல் தமிழருக்கு நிரந்தரத் தலைவலி. பிறப்புச் சான்றிதழில் தகப்பன் பெயர், கடவுச்சீட்டில் கணவன் பெயர், அடையாள அட்டையில் முதலெழுத்து மட்டும். ஆங்கில எழுத்தில் ஒரு 'எச்' ஓரிடத்தில் இருக்கும், மற்ற இடத்தில் இராது. தத்துவத்தில் கடவுச்சீட்டிலுள்ளபடி முழுப்பெயரை எழுதி, "என்றும் அழைக்கப்படும்" என்று மற்றதைச் சேருங்கள். கடவுச்சீட்டு இலக்கம், அடையாள அட்டை இலக்கம் இரண்டும் வேண்டும். மனுவின் தலைப்பில் எதிர்மனுதாரராக எந்தப் பெயர் போட்டிருக்கிறதோ அதுவும் தத்துவத்தில் வந்தால், ஒரே ஆள்தான் என்று தனிச் சத்தியக்கடதாசி போடும் வேலை மிஞ்சும்.

பழைய தத்துவத்தை என்ன செய்வது? காணி, வாடகை அலுவல்களுக்கு அது ஓடட்டும். புதியதில் "இதற்கு முந்தியவை அனைத்தையும் இரத்துச்செய்கிறேன்" என்ற வழமையான வரியைத் தட்டச்சாளர் தானாகப் போட்டுவிடுவார். வேண்டாமென்றால் வெட்டச் சொல்லுங்கள்.

தவணைக்கணக்கு எழுதியது:

"சின்னம்மா சத்தியக்கடதாசியில் ஒப்பமிடலாமா" என்ற கேள்விக்கு இன்னும் யாரும் நேரே பதில் சொல்லவில்லை. இந்த வழக்கின் முக்கியமான இடம் அதுதான்.

சத்தியக்கடதாசியில் வெளிப்படுத்துநர் (அதில் ஒப்பமிடுபவர்) தன் சொந்த அறிவாலும் அவதானத்தாலும் சாட்சி சொல்லக்கூடிய விடயங்களை மட்டுமே எழுதலாம் என்கிறது கோவையின் 181 ஆம் பிரிவு. இடைக்கால விண்ணப்பங்களில் மட்டும் நியாயமான அடிப்படையைக் காட்டி நம்பிக்கையை எழுதலாம். அற்றோணித் தத்துவம் கையொப்ப அதிகாரத்தைக் கடத்தும், அறிவைக் கடத்தாது. "என் அக்கா தகுதியான தாய், பிள்ளையின் செலவு முழுவதையும் அவரே பார்க்கிறார், திரும்பி வர எண்ணியிருக்கிறார்" என்று சின்னம்மா எழுதினால், மூன்றாவது விடயம் முற்றிலும் கேள்விப்பட்டது. இரண்டாவதில் பாதி கேள்விப்பட்டது.

ஆகவே இரண்டு சத்தியக்கடதாசி. ஒன்று தாயுடையது, தோகாத் தூதரகத்தில் ஒப்பமிட்டது: வேலை ஒப்பந்தம், சம்பளம், அனுப்பும் தொகை, கணவன் இறந்த பின் பிள்ளையைப் பற்றி எடுத்த முடிவுகள், எப்போது திரும்புவார், ஏன் அம்மம்மாவிடம் விட்டார். மற்றது சின்னம்மாவுடையது, தன் பெயரில், அற்றோணிக்காரராக அல்ல, சாட்சியாக: பிள்ளை எந்த அறையில் தூங்குகிறது, யார் பாடசாலைக்குக் கூட்டிப் போகிறார், கடைசியாக எப்போது காய்ச்சல் வந்து எந்த வைத்தியரிடம் போனது, சித்தப்பா கடந்த வருடம் எத்தனை தடவை பார்க்க வந்தார். வங்கிக் காசையும் அதேபோல் பிரியுங்கள். அனுப்பியதைத் தாய் சொல்லட்டும், எடுத்துச் செலவழித்ததைச் சின்னம்மா சொல்லட்டும், இரண்டுக்கும் நடுவில் வங்கிக் கூற்று இருக்கட்டும்.

புதுக்கடை 12 உடன் ஒரு சிறு முரண்பாடு. "தாயின் முகம் பார்க்காமல் முடிவெடுக்க மாட்டார்" என்பதை வைத்துக்கொண்டு தாயின் சத்தியக்கடதாசியைப் பிற்போடாதீர்கள். ஆட்சேபனை போடும் நாளிலேயே அது வழக்கேட்டில் இருக்க வேண்டும். விசாரணை வருவதற்கு முன்னரே இடைக்காலக் கட்டளை கேட்பார்கள், அதைத் தீர்மானிப்பது கடதாசிதான்.

சத்தியக்கடதாசி அடிபடும் வழமையான இடங்கள்: ஆங்கிலத்தில் தட்டச்சிட்டு, தமிழ் மட்டும் வாசிக்கும் அம்மம்மாவிடம் ஒப்பம் வாங்கி, "வாசித்து விளங்கப்படுத்தப்பட்டு, அவர் விளங்கிக்கொண்டதாகத் தெரிந்த பின்" என்ற வரி இல்லாமல் விடுவது. இடமும் திகதியும் வெறுமையாக இருப்பது. வழக்கில் புரொக்சி வைத்திருக்கும் சட்டத்தரணியே சத்தியப்பிரமாண ஆணையாளராக ஒப்பமிடுவது. இந்தக் கடைசி ஒன்று சத்தியங்கள் கட்டளைச் சட்டப்படியே கூடாது. பக்கத்து அறைச் சட்டத்தரணியிடமோ சமாதான நீதவானிடமோ போனால் முடிந்தது. இந்து ஒருவர் "சத்தியம் செய்கிறேன்" என்று தொடங்கி "உறுதிப்படுத்துகிறேன்" என்று முடிப்பதை வைத்து எதிர்த்தரப்பு சத்தம் போடும். சத்தியத்துக்குப் பதில் உறுதியும் உறுதிக்குப் பதில் சத்தியமும் வந்ததை அதே கட்டளைச் சட்டம் மன்னிக்கிறது. ஆனாலும் கொட்டாஞ்சேனையில் ஒரே குடும்பத்தில் கத்தோலிக்கரும் இந்துவும் இருப்பார்கள், தட்டச்சாளர் ஒரே மாதிரியை இருவருக்கும் அடிப்பார். ஒருதரம் பார்த்துவிடுங்கள்.

ஜம்பட்டா வீதி எழுதியது:

நன்றி. அறிவித்தலை இப்பத்தான் வடிவா வாசிச்சன். பிள்ளையையும் ஒரு எதிர்மனுதாரராப் போட்டு, "வழக்குக்கான பாதுகாவலர்" எண்டு சித்தப்பாவின்ட மனைவியின்ட பேரைப் போட்டிருக்காங்க. இது வேறயா, அதே பாதுகாவலரா? சின்னம்மாவே பாதுகாவலர் ஆக விரும்பினா அதே வழக்கில கேக்கலாமா?

புதுக்கடை 12 எழுதியது:

வேற. வழக்குக்கான பாதுகாவலர் எண்டா அந்த ஒரு வழக்கில மட்டும் பிள்ளைக்காக நிக்கிறவர். வழக்கு முடிய அவரும் முடிஞ்சார். பிள்ளை வழக்காளியா வந்தா அதே வேலையைச் செய்யிறவரை "அடுத்த நண்பர்" எண்டுவாங்க. பாதுகாவலர் பிள்ளையின்ட ஆளைப் பார்ப்பார், சொத்துக் காப்பாளர் உடைமையைப் பார்ப்பார், அற்றோணிக்காரர் தாய்க்காக நிப்பார். அஞ்சும் அஞ்சு தொப்பி.

மனுதாரரின்ட மனைவி பிள்ளைக்காக நிக்கிறது எப்படிச் சரியாகும்? பிள்ளையின்ட நலனுக்கு முரணான அக்கறை உள்ளவரை அந்த இடத்தில வைக்கக் கூடாது. முதல் தவணையிலயே ஆட்சேபியுங்க. வேற பேர் ஒண்டையும் முன்மொழியுங்க. வழக்கில எந்தப் பக்கமும் லாபம் இல்லாத உறவு ஒருத்தர், எழுத்துச் சம்மதத்தோட.

சின்னம்மா விசயத்தில கவனம். அவ தானே பாதுகாவலர் ஆகக் கேக்கிறதெண்டா தன் பேரில தனி மனுவோட வர வேணும். அந்த நிமிசத்தில இருந்து அவ தாயின்ட அற்றோணிக்காரரா இருக்கிறது இடிக்கும்: தாய் "நான்தான் பாதுகாவலர்" எண்டு நிக்கிறா, அவவின்ட முகவர் "நான் ஆகவேணும்" எண்டு நிக்கிறா. சித்தப்பாவின்ட சட்டத்தரணிக்கு இதை விட இனிப்பான விசயம் கிடையாது. என்ட அபிப்பிராயம், தாய் இயற்கைப் பாதுகாவலரா இருக்கிறதைத்தான் காக்க வேணும். சின்னம்மா நாளாந்தப் பராமரிப்பாளரா, சாட்சியா வரட்டும்.

இன்னொரு பிழையும் அடிக்கடி நடக்குது: தலைப்பில அற்றோணிக்காரரின்ட பேரை வழக்குத் தரப்பாப் போடுறது. எதிர்மனுதாரர் எப்பவும் தாய்தான். "அவரது அற்றோணிக்காரர் இன்னார் மூலம்" எண்டுதான் ஆட்சேபனையில வர வேணும்.

மாளிகாவத்தை எழுதியது:

இடையில ஒரு கேள்வி. முஸ்லிம் பிள்ளை எண்டா காதி நீதிமன்றமா?

தவணைக்கணக்கு எழுதியது:

இல்லை. விவாகரத்தும் தாபரிப்பும் (பராமரிப்புப் பணம்) காதியிடம். பிள்ளையின் கட்டுக்காப்பும் பாதுகாவலும் மாவட்ட நீதிமன்றத்தில். பிரயோகிக்கும் சட்டம் முஸ்லிம் சட்டம், நடைமுறை மேலே சொன்ன அதே கோவை. காதியின் முன் சட்டத்தரணி தோற்ற முடியாது என்பதால், அங்கே பழகியவர்கள் மாவட்ட நீதிமன்றத்திலும் தாங்களே பேசலாம் என்று வந்து தடுமாறுகிறார்கள். முஸ்லிம் அல்லாதவர்களுக்கும் தாபரிப்பு வேறு வாசல்தான்: 1999 ஆம் ஆண்டின் 37 ஆம் இலக்கச் சட்டம், நீதவான் நீதிமன்றம்.

கடதாசிமேசை எழுதியது:

வீட்டுப் பங்கைப் பற்றி யாரும் தொடவில்லை. எனக்கு இந்த மனுவின் வாசமே அங்கிருந்துதான் வருகிறது.

தகப்பன் மரணசாதனம் (உயில்) எழுதாமல் இறந்து, பொதுச் சட்டம் பொருந்தினால், அவருடைய பங்கில் பாதி மனைவிக்கு, பாதி பிள்ளைக்கு. தேசவழமைக்கு (யாழ்ப்பாணத் தமிழரின் வழமைச் சட்டம்) உட்பட்ட குடும்பமென்றால் கணக்கு மாறும். முதுசமா (முன்னோர் வழி வந்தது) தேடியதேட்டமா (திருமண காலத்தில் தேடியது) என்று பார்க்க வேண்டும். கொழும்பில் பிறந்து வளர்ந்தவர் என்பதால் மட்டும் தேசவழமை பொருந்தாது என்றோ பொருந்தும் என்றோ முடிவுகட்டாதீர்கள். அது யாழ்ப்பாண மாகாண வாசி என்ற நிலையைப் பொறுத்தது. தகப்பன் நிரந்தரமாக எங்கே வாழ எண்ணினார் என்று சாட்சியம் வேண்டியிருக்கும்.

பிள்ளையின் அசைவற்ற சொத்தைத் தாய்கூட நீதிமன்ற அனுமதியில்லாமல் விற்கவோ ஈடு வைக்கவோ முடியாது. அற்றோணிக்காரருக்கு இது இரட்டைத் தடை: தாயிடம் இல்லாத அதிகாரத்தைத் தாய் எழுதிக் கொடுக்க முடியாது. பழைய தத்துவத்தை வைத்து முழு வீட்டையும் நீண்ட குத்தகைக்குக் கொடுத்திருந்தால், அதை இப்போதே சட்டத்தரணியிடம் சொல்லிவிடுங்கள். எதிர்த்தரப்பு கண்டுபிடித்து வழக்கேட்டில் போடும்வரை காத்திருக்க வேண்டாம்.

மனுவில் "பாதுகாவலர்" மட்டுமா கேட்டிருக்கிறது, "சொத்துக் காப்பாளர்" என்றும் கேட்டிருக்கிறதா? காப்பாளராக நியமிக்கப்படுபவர் நீதிமன்றத்துக்குப் பிணை கொடுத்து, சொத்துப் பட்டியலும் கணக்கும் காட்ட வேண்டும். தாயும் அதே வீட்டில் பங்காளி என்பதால், "தாய்க்கும் பிள்ளைக்கும் நலன் முரண்" என்ற வாதம் வரத்தான் செய்யும். அதற்கு முன்கூட்டியே பதில் வைத்திருங்கள்: வங்கிக் காசைப் பிள்ளை 18 வயது அடையும்வரை நீதிமன்றக் கட்டளையின்றி எடுக்க முடியாத நிலையான வைப்பில் வைக்கத் தாய் தானாகவே சம்மதிக்கலாம். பராய வயது 1989 இலிருந்து 18. பழைய தட்டச்சு மாதிரிகளில் இன்னும் 21 என்று கிடக்கும், மாற்றுங்கள்.

ஜம்பட்டா வீதி எழுதியது:

மனுவில ரெண்டும் கேட்டிருக்கு. குத்தகை ஒண்டும் இல்ல. வழக்கு சிங்களத்தில நடக்குமாம், ஆட்சேபனையைத் தமிழில போடலாமா? முதல் தவணை இன்னும் 11 நாளில. புது அற்றோணி அதுக்குள்ள வந்து சேராது போல.

தவணைக்கணக்கு எழுதியது:

அரசியலமைப்பின் 24 ஆம் உறுப்புரை தமிழில் வழக்குரைகளைச் சமர்ப்பிக்கும் உரிமையையும், அரச செலவில் மொழிபெயர்ப்பையும் கொடுக்கிறது. உரிமை அது. ஆனால் கொழும்பில் பதிவேட்டு மொழி சிங்களம். மொழிபெயர்ப்பாளரைக் காத்து ஒரு தவணை தள்ளிப்போக வாய்ப்புண்டு. இடைக்காலக் கட்டளை ஆபத்து இருக்கும் வழக்கில், தமிழ் மூலத்தோடு சிங்கள அல்லது ஆங்கில மொழிபெயர்ப்பை நீங்களே இணைப்பதுதான் புத்தி. அரபு ஆவணம், உதாரணமாக வேலை ஒப்பந்தம், இருந்தால் சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளரிடம் கொடுங்கள்.

11 நாள் போதும். புரொக்சியைத் தாயே ஒப்பமிடலாம், அதற்கு அற்றோணித் தத்துவமே தேவையில்லை. 27 ஆம் பிரிவு கேட்பது கட்சிக்காரர் ஒப்பமிட்ட எழுத்து நியமனம். படிவத்தை மின்னஞ்சலில் அனுப்பி, ஒப்பமிட்ட மூலத்தைக் கூரியரில் எடுங்கள். கட்டாரிலிருந்து வருகிற யாராவது கையில் கொண்டுவந்தால் இன்னும் விரைவு. புரொக்சி உள்ளே போய்விட்டால் சட்டத்தரணி தாய்க்காக நிற்பார், தவணை கேட்பார். தத்துவமும் தூதரகச் சத்தியக்கடதாசியும் ஆட்சேபனைத் தவணைக்கு வரட்டும். பலர் தத்துவத்தைத் துரத்தி ஓடி, ஒரு பக்கப் புரொக்சியை மறந்துவிடுகிறார்கள்.

ஒருவருக்குப் புரொக்சி கொடுத்த பின் இன்னொரு சட்டத்தரணி ஒப்பமிடும் எதுவும் செல்லாது. முதலாமவரின் நியமனம் ஒழுங்காக இரத்தாக வேண்டும். மேன்முறையீட்டில் இது உயிரை எடுக்கும். இறுதிக் கட்டளைக்கு எதிரான மேன்முறையீட்டு அறிவித்தல் 14 நாளில், மனு 60 நாளில். ஆத்திரத்தில் வேறொருவரிடம் ஓடி அவர் ஒப்பமிட்டால், அந்த 14 நாள் வெறுமையாகப் போனதாகிவிடும்.

சட்டத்தரணிச் செலவு தாங்காதென்றால், சட்ட உதவி ஆணைக்குழுவின் தலைமை அலுவலகம் அதே புதுக்கடையில், மேல் நீதிமன்றக் கட்டிடத் தொகுதியில் இருக்கிறது. தாயின் சம்பளத் துண்டைக் கேட்பார்கள்.

புதுக்கடை 12 எழுதியது:

முதல் நாளைப் பற்றி ஒரு வார்த்தை. அறிவித்தலில இருக்கிற வழக்கு இலக்கத்தை வச்சு முந்தின நாளே வழக்கேட்டைப் பார்க்கச் சொல்லி சட்டத்தரணியிடம் கேளுங்க. மனுவோட இணைச்ச ஆவணம் எல்லாம் அறிவித்தலோட வந்திருக்காது. எந்த இலக்க அறை எண்டு காலையில பட்டியலில பார்க்கலாம். வழக்கைக் கூப்பிடேக்க சட்டத்தரணி புரொக்சியைக் குடுத்து, வழக்குக்கான பாதுகாவலரின்ட பேரை ஆட்சேபிச்சு, ஆட்சேபனைக்குத் திகதி எடுப்பார். ரெண்டு நிமிச வேலை. ஆனா அந்த ரெண்டு நிமிசத்தில "அதுவரைக்கும் பிள்ளையைச் சனிக்கிழமைகளில சித்தப்பாவிடம் விடுவீங்களா" எண்டு கேள்வி வரலாம். தாயிடம் முதல் நாள் இரவே கேட்டு, பதிலை எழுதிச் சட்டத்தரணியின்ட கையில குடுங்க. சின்னம்மா அந்த இடத்தில தானா யோசிச்சுச் சொல்லக் கூடாது.

அதுக்கிடையில யாராவது பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போனா, இந்த வழக்கில மோஷன் (வழக்குக்கிடையில குடுக்கிற விண்ணப்பம்) போட்டுக்கொண்டு இராம, ஆட்கொணர்வு எழுத்தாணை கேட்டு மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கோ மாகாண மேல் நீதிமன்றத்துக்கோ போக வேணும்.

சின்னம்மா தன்ட அடையாள அட்டையையும் பழைய தத்துவத்தின்ட பிரதியையும் கொண்டு போகட்டும். அம்மம்மாவை அண்டைக்கு இழுத்துக்கொண்டு போகத் தேவையில்ல. பிள்ளையையும் கொண்டு போகாதீங்க, அண்டைக்குப் பாடசாலைக்கே அனுப்புங்க. பார்க்க வேணுமெண்டா நீதிபதி திகதி குடுத்து, தன்ட அறையில வச்சுக் கதைப்பார்.